கால இயந்திரத்தைக் கட்டிய ஆசிரியர்



நம் தமிழ்ப்பள்ளிகளில் படிநிலை இரண்டு மாணவர்களுக்குக் கொடுக்கப்படும் கற்பனைக் கட்டுரைத் தலைப்புகளுள் நெடுங்காலமாக நிலைத்திருக்கும் ஒன்று, ‘என்னிடம் ஒரு கால இயந்திரம் இருந்தால்...’ என்பதாகும். இத்தலைப்பைக் கண்டு பிள்ளைகள் தயங்குவதே இல்லை. டோரேமோன் பார்த்து வளர்ந்தவர்கள் அல்லவா! நோபிதாவின் மேசை இழுப்பறையைத் திறந்தால் உள்ளே கால இயந்திரம் நிற்கும் என்பது வாய்ப்பாட்டைவிட அவர்களுக்கு நன்றாகத் தெரியும். அந்த ஜப்பானியச் சித்திரக்கதை 1969ஆம் ஆண்டின் இறுதியில் வெளிவரத் தொடங்கியது. ஆனால், இழுப்பறைக்குள் நிற்கும் அக்கருவியின் வயது அதனினும் மிகக் கூடுதல். அதற்கு இருக்கையும் நெம்புகோலும் எண்முகப்பும் வைத்து, இன்று நாம் அறிந்த வடிவில் கட்டிக் கொடுத்தவர் பொறியியலாளர் அல்லர். நம்மைப் போன்ற ஒரு பள்ளி ஆசிரியர். அவர் பயின்ற பயிற்சிக் கல்லூரியின் மாணவர் இதழில்தான் அக்கதையின் முதல் வடிவம் அச்சேறியது. ஆண்டுதோறும் இத்தலைப்பைக் கரும்பலகையில் எழுதும் நமக்கு இவ்வரலாறு தெரிந்திருப்பது நல்லது எனக் கருதி இக்கட்டுரையை எழுதுகிறேன்.

சொல்லைப் பற்றி ஒரு வார்த்தை. ‘கால இயந்திரம்’ என்பதைவிடக் ‘காலப்பொறி’ என்பதே எனக்கு விருப்பமான சொல். பொறி என்பது எந்திரத்தையும் குறிக்கும். எலியைச் சிக்க வைக்கும் கருவியையும் குறிக்கும். கதைகளில் வரும் காலக் கருவிகள் பெரும்பாலும் இரண்டு வேலையையும் செய்கின்றன. எனினும், பிள்ளைகளின் வாயில் பழகிவிட்ட சொல்லையே இங்கும் பயன்படுத்துகிறேன்.

காலத்தைத் தாண்டிச் செல்லும் கதைகள் மிகப் பழமையானவை. பாகவதத்தில் ககுத்மி என்னும் அரசன், தன் மகள் இரேவதிக்கு ஏற்ற மணமகன் யார் என்று கேட்டறிய அவளையும் அழைத்துக்கொண்டு பிரமனின் அவைக்குச் செல்கிறான். அங்கே இசை நடந்துகொண்டிருக்கிறது. முடியும்வரை சற்றே காத்திருக்கிறான். அதற்குள் மண்ணுலகில் இருபத்தேழு சதுர்யுகங்கள் கழிந்துவிடுகின்றன! அவன் மனத்தில் குறித்து வைத்திருந்த மாப்பிள்ளைகள் மட்டுமல்லர், அவர்களின் வழித்தோன்றல்களின் பெயர்கூட எஞ்சவில்லை. ஜப்பானில் உராஷிமா தாரோ என்னும் மீனவனின் கதையும் இவ்வகையினதே. கடலடி மாளிகையில் சில நாள் விருந்தினனாய்த் தங்கித் திரும்புகிறான். ஊரில் அவனை அறிந்தவர் எவரும் இல்லை. அமெரிக்க எழுத்தாளர் வாஷிங்டன் இர்விங் 1819இல் எழுதிய ரிப் வான் விங்கிள், மலையில் மது அருந்தி உறங்கி இருபது ஆண்டுகள் கழித்து விழிக்கிறான். சார்லஸ் டிக்கன்ஸ் 1843இல் எழுதிய கிறிஸ்துமஸ் கதையில் ஒரு கருமியை ஆவிகள் வந்து இறந்த காலத்துக்கும் எதிர்காலத்துக்கும் அழைத்துச் செல்கின்றன. 1889இல் வெளிவந்த மார்க் டுவைனின் நாவலில், தலையில் விழுந்த ஓர் அடி ஒருவனை ஆர்தர் மன்னனின் காலத்துக்கே தள்ளிவிடுகிறது.

இக்கதைகளில் எவரும் தாமாகக் காலத்தைக் கடந்து சென்றதில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். அனைவரும் கொண்டுசெல்லப்பட்டார்கள். உறக்கமோ, தெய்வ அருளோ, சாபமோ, ஆவியோ, அடியோ அவர்களை ஏந்திச் சென்றது. எங்கே நிறுத்துவது, எப்போது திரும்புவது என்பன அவர்கள் கையில் இல்லை. ககுத்மி இன்னும் ஒரு யுகம் முன்னே சென்று பார்க்க விரும்பியிருந்தாலும் அவனால் இயன்றிராது. ‘நம் முன்னோர் அன்றே கால இயந்திரத்தை அறிந்திருந்தனர்’ என்று பெருமிதத்தோடு கூறுவோர் நம்மிடையே உளர். அக்கருத்துக்கு நான் உடன்படுவதில்லை. வெவ்வேறு உலகங்களில் காலம் வெவ்வேறு விரைவில் ஓடக்கூடும் என்று எண்ணிப் பார்த்த கற்பனை வியக்கத்தக்கது. அதைப் பிள்ளைகளுக்கு அவசியம் சொல்ல வேண்டும். ஆனால், அங்கே இயந்திரம் இல்லை. இல்லாததை இருப்பதாகச் சொல்லிக் கொடுத்தால், இருப்பதன் அருமையும் கெட்டுவிடும்.

மனிதன் தன் கையால் முடுக்கி, தான் விரும்பிய நாளில் இறங்கக்கூடிய ஒரு கருவி என்னும் எண்ணம் பத்தொன்பதாம் நூற்றாண்டின் பின்பகுதியில்தான் பிறந்தது. அதற்குக் காரணங்கள் உள்ளன.

முதலாவது காரணம் இரயில். இரயில் வருவதற்கு முன் இங்கிலாந்தில் ஒவ்வோர் ஊரும் தன் தலைக்குமேல் வரும் கதிரவனைப் பார்த்தே மணியை வைத்துக்கொண்டது. மேற்கேயுள்ள பிரிஸ்டல் நகரின் மணி இலண்டன் மணிக்குப் பத்து நிமிடம் பின்னே ஓடியது. அட்டவணைப்படி ஓட வேண்டிய இரயிலுக்கு இது சரிப்படுமா? எனவே, 1840களில் இரயில் நிறுவனங்கள் இலண்டனின் கிரீனிச் நேரத்தையே எங்கும் கடைப்பிடிக்கத் தொடங்கின. பிரிஸ்டல் நகரத்துக் கடிகாரம் ஒன்றில் ஊர் நேரத்துக்கு ஒன்றும் இரயில் நேரத்துக்கு ஒன்றுமாக இரண்டு நிமிட முட்கள் வைக்கப்பட்டன; அக்கடிகாரத்தை இன்றும் அங்கே காணலாம். 1880இல் கிரீனிச் நேரம் பிரித்தானியாவின் சட்டபூர்வ நேரமாயிற்று. 1884இல் வாஷிங்டனில் கூடிய அனைத்துலக மாநாடு கிரீனிச் வழியாகச் செல்லும் கோட்டையே உலகின் முதன்மைத் தீர்க்கரேகையாக ஏற்றது. வானம் கொடுத்த நேரத்தை மனிதர்கள் கூட்டம் போட்டு மாற்றி எழுதலாம் என்பது அந்த நூற்றாண்டு கண்ட புதுமையாகும்.

இது நமக்கும் அன்னியமானதன்று. 1981ஆம் ஆண்டின் கடைசி இரவில், தீபகற்ப மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் மணி பதினொன்றரை ஆனபோதே கடிகாரங்கள் நள்ளிரவு பன்னிரண்டுக்குத் திருப்பப்பட்டன. சபா, சரவாக் மாநிலங்களோடு நேரத்தை ஒன்றாக்குவதற்காகத் தீபகற்பம் அரை மணி நேரத்தை விட்டுக்கொடுத்தது. அந்த அரை மணி நேரத்தில் இங்கே எவரும் பிறக்கவும் இல்லை, இறக்கவும் இல்லை! காலையில் பள்ளிக்குப் புறப்படும்போது இன்னும் இருட்டாக இருக்கிறதே என்று கேட்கும் பிள்ளைக்கு இவ்வரலாற்றைச் சொல்லிப் பாருங்கள். கண்கள் விரியும்.

இரண்டாவது காரணம், காலத்தின் நீளம் திடீரெனப் பெருகியமை. உலகத்தின் வயது ஆறாயிரம் ஆண்டு என்று நம்பியிருந்த மேலை நாட்டு மக்களிடம், பாறைகளின் அடுக்குகளைக் காட்டி அது கணக்கிலடங்காத பழமை உடையது என்றார் சார்லஸ் லயல். அவருடைய நிலவியல் நூல் 1830 முதல் வெளிவந்தது. 1859இல் டார்வினின் நூல் வந்தது. உயிர்கள் மாறிக்கொண்டே வந்திருக்கின்றன என்றால், இனியும் மாறும். பல இலட்சம் ஆண்டுகளுக்குப் பின் மனிதன் எவ்வாறு இருப்பான்? யுகக் கணக்கில் பழகிய நமக்கு இலட்சம் ஆண்டுகள் பெரிதாகத் தோன்றாமல் இருக்கலாம். அவர்களுக்கோ அது அடியில்லாக் கிணற்றை எட்டிப் பார்ப்பது போலிருந்தது.

இந்தச் சூழலில்தான் காலக் கருவிகள் கதைகளில் தலைகாட்டின. 1881இல் எட்வர்ட் பேஜ் மிட்செல் என்னும் அமெரிக்க இதழாளர் நியூயார்க் நாளிதழ் ஒன்றில், பின்னோக்கி ஓடும் ஒரு பழைய கடிகாரத்தைப் பற்றிய சிறுகதை எழுதினார். அக்கடிகாரம் 1574இல் முற்றுகையிடப்பட்ட லெய்டன் நகருக்கு அழைத்துச் செல்கிறது. 1887இல் என்ரிக்கே கஸ்பார் என்னும் ஸ்பானிய எழுத்தாளர், மின்சாரத்தால் இயங்கும் பெரிய இரும்புப் பெட்டி ஒன்றைக் கற்பனை செய்தார். அது வானில் ஏறிப் பூமி சுழலும் திசைக்கு எதிராகப் பறந்து காலத்தைப் பின்னோக்கி அவிழ்க்கும். பயணிகள் பின்னே செல்லச் செல்ல வயது குறைந்து குழந்தைகளாகிவிடாமல் இருக்க ஒரு தனி மருந்தும் உண்டு! நகைச்சுவை மிக்க கற்பனைதான். ஆயினும், இறுதியில் எல்லாம் கனவு என்று முடித்துவிட்டார். மாணவர் கட்டுரைகளில் ‘அம்மா தட்டி எழுப்பினார், எல்லாம் கனவு’ என்னும் முடிவைக் கண்டு சலித்தவர்களுக்கு, பெரியவர்களும் அதையே செய்தார்கள் என்பது ஓர் ஆறுதல்.

இனி, நம் ஆசிரியரிடம் வருவோம். எச். ஜி. வெல்ஸ் 1866ஆம் ஆண்டு செப்டம்பர் 21ஆம் நாள் இலண்டனுக்கு அருகிலுள்ள புரோம்லி என்னும் ஊரில் பிறந்தார். தந்தை பீங்கான் பாத்திரக் கடை வைத்திருந்தார். வணிகம் சரியாக நடக்கவில்லை. கிரிக்கெட் ஆடிக் கிடைத்த வருமானம் குடும்பத்தைத் தாங்கியது. 1877இல் தந்தையின் தொடையெலும்பு முறிய, அதுவும் நின்றது. தாய், தம் இளமையில் பணிப்பெண்ணாக இருந்த அப்பார்க் என்னும் பெரிய மாளிகைக்கே மீண்டும் வேலைக்குச் சென்றார். இம்முறை பணியாட்களை மேற்பார்க்கும் பொறுப்பு. வெல்ஸ் வளர்ந்த வீட்டின் சமையலறை தரைமட்டத்துக்குக் கீழே இருந்தது. சாளரத்தின் வழியே பார்த்தால், தெருவில் நடப்போரின் காலணிகள்தாம் தெரியும். அப்பார்க் மாளிகையிலோ பணியாட்கள் வந்துபோகவே நிலத்தடிச் சுரங்கப் பாதைகள் இருந்தன. மேலே இருப்போர் கண்ணில் கீழே இருப்போர் படாமல் இருப்பதற்கான ஏற்பாடு அது. இவற்றை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னர் தேவைப்படும்.

பதினான்கு, பதினைந்து வயதில் அவரைத் துணிக்கடையில் வேலை பழக விட்டார்கள். சவுத்ஸீ என்னும் ஊரில் நாளொன்றுக்குப் பதின்மூன்று மணி நேரம் வேலை. இரவில் மற்ற பையன்களோடு ஒரே கூடத்தில் உறக்கம். ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் பொறுத்துப் பார்த்தவர், ஒரு ஞாயிற்றுக்கிழமை விடியற்காலையில் எழுந்து பதினேழு மைல் நடந்தே தாயிடம் சென்று, தம்மை இதிலிருந்து விடுவிக்குமாறு மன்றாடினார். மிட்ஹர்ஸ்ட் இலக்கணப் பள்ளியின் தலைமையாசிரியர் ஹோரஸ் பையட் அச்சிறுவனின் திறமையை முன்பே அறிந்திருந்தார். அவனைத் துணையாசிரியனாகச் சேர்த்துக்கொண்டு, பகலில் கற்பிக்கவும் மாலையில் தேர்வுக்குப் படிக்கவும் வழி செய்தார். அத்தேர்வுகளில் பெற்ற சிறப்பான தேர்ச்சியால் 1884இல் இலண்டன் தென் கென்சிங்டனில் இருந்த அறிவியல் ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில் உபகாரச் சம்பளத்துடன் இடம் கிடைத்தது. வாரத்துக்கு ஒரு கினி. அதில்தான் வாடகையும் உணவும். பல நாள் நண்பகலில் பசியோடு இருந்தார்.

ஒரு தலைமையாசிரியர் அன்று கண்ணை மூடிக்கொண்டிருந்தால், உலகுக்கு ஒரு துணிக்கடைச் சிப்பந்தி கூடுதலாகக் கிடைத்திருப்பார். அவ்வளவுதான்.

அக்கல்லூரியில் முதலாண்டு அவருக்கு உயிரியல் கற்பித்தவர், டார்வினின் கொள்கைக்காக வாதாடிப் புகழ்பெற்ற டி. எச். ஹக்ஸ்லி. வாழ்நாள் முழுதும் வெல்ஸ் அவரை மறக்கவில்லை. அதற்குப் பிந்திய ஆண்டுகளில் இயற்பியலும் நிலவியலும் அவரை ஈர்க்கவில்லை. மாணவர் விவாதக் கழகத்திலும், தாம் முன்னின்று தொடங்கிய மாணவர் இதழிலும் மூழ்கினார். நீளம், அகலம், உயரம் என்னும் மூன்றோடு நான்காவதாக ஒரு பரிமாணம் உண்டா என்னும் கேள்வியை அக்கழகத்தில்தான் சக மாணவர் ஒருவரின் உரை வழியே அவர் கேட்டார். 1887இல் இறுதித் தேர்வில் நிலவியலில் தோற்றுப் பட்டமின்றி வெளியேறினார். வேல்ஸ் நாட்டில் ஒரு சிறு பள்ளியில் ஆசிரியரானார். அங்கே மாணவர்களோடு பந்து விளையாடும்போது விழுந்த உதையால் சிறுநீரகம் பாதிக்கப்பட்டுப் படுக்கையில் விழுந்தார். கல்லூரியின் மாணவர் இதழில் 1888ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் ஜூன் வரை அவருடைய காலப் பயணக் கதையின் முதல் வடிவம் தொடராக வந்தது. வேல்ஸ் நாட்டுச் சிற்றூர் ஒன்றில் தனித்து வாழும் நெபோகிப்ஃபெல் என்னும் விந்தை விஞ்ஞானியைப் பற்றியது அது. சூனியக்காரன் என்று அஞ்சி ஊரார் அவரைத் தாக்க வருவார்கள். கதை முற்றுப்பெறாமலே நின்றது. படித்துப் பார்த்தால் தேறாத கதை என்றுதான் நானும் சொல்வேன்.

உடல் தேறிய பின் இலண்டன் கில்பர்னில் ஒரு தனியார் பள்ளியில் கற்பித்தார். பின்னாளில் ‘வின்னி த பூ’ கரடிக் கதைகளை எழுதிய ஏ. ஏ. மில்ன் அங்கே சிறுவனாக அவரிடம் பயின்றார். பள்ளியை நடத்தியவர் மில்னின் தந்தை. 1890இல் வெல்ஸ் இலண்டன் பல்கலைக்கழகத்தின் அறிவியல் பட்டத்தைப் பெற்றார். அஞ்சல்வழிக் கல்வி நிறுவனத்தில் உயிரியல் பயிற்றுநராக உழைத்தார்; 1893இல் வெளிவந்த அவருடைய முதல் நூல்களுள் ஒன்று உயிரியல் பாடநூலே. அவ்வாண்டு நுரையீரலிலிருந்து இரத்தம் கசிந்து மீண்டும் வீழ்ந்தார். இனி வகுப்பில் நின்று கற்பிக்க இயலாது என்றாயிற்று. எழுத்தே பிழைப்பாயிற்று.

டபிள்யூ. இ. ஹென்லி என்னும் இதழாசிரியர் அவருடைய பழைய காலப் பயணக் கருத்தை மீண்டும் எழுதச் சொன்னார். 1894இல் அது கட்டுரைத் தொடராக வந்தது. பிறகு முழுக்கதையாக மாற்றும் வேலை. செவனோக்ஸ் என்னும் ஊரில் வாடகை அறையில், கோடை இரவுகளில் எண்ணெய் விளக்கொளியில் எழுதினார். விளக்கை நள்ளிரவுக்குப் பின்னும் எரிக்கிறாரே என்று வீட்டுக்கார அம்மையார் வெளியே நின்று முணுமுணுத்ததை அவரே தம் வாழ்க்கை வரலாற்றில் நினைவுகூர்கிறார். 1895 ஜனவரி முதல் மே வரை தொடராகவும், அதே மே மாதத்தில் நூலாகவும் ‘கால இயந்திரம்’ வெளிவந்தது. தொடருக்குக் கிடைத்த ஊதியம் நூறு பவுன். அப்போது அவருக்கு இருபத்தெட்டு வயது.

அந்த இயந்திரத்தை இப்போது பார்ப்போம். இலண்டனையடுத்த ரிச்மண்டில் ஒரு வீடு; வியாழக்கிழமைதோறும் விருந்து. வீட்டுக்காரருக்குக் கதையில் பெயரே இல்லை, ‘காலப் பயணி’ என்பதோடு சரி. நீளம், அகலம், உயரம் உடைய ஒரு பொருள் ஒரு கணமேனும் நீடிக்காவிட்டால் அது இருக்கிறது என்று சொல்ல முடியுமா என்று விருந்தினரைக் கேட்கிறார். காலமும் ஒரு பரிமாணமே; அதில் நாம் முன்னோக்கி மட்டும் இழுத்துச் செல்லப்படுகிறோம்; பலூன் வருவதற்கு முன் மேலே செல்லவும் நம்மால் இயலவில்லையே என்கிறார். நல்ல ஆசிரியர் ஒருவர் தெரிந்ததிலிருந்து தெரியாததற்கு மாணவரை அழைத்துச் செல்லும் முறை இதுதான். பின்னர்க் கையடக்கமான மாதிரி ஒன்றை மேசைமேல் வைத்து, விருந்தினருள் ஒருவரின் விரலாலேயே நெம்புகோலை அழுத்தச் செய்கிறார். அது சுழன்று மங்கி மறைகிறது. செய்து காட்டும் பாடம்!

பெரிய இயந்திரத்தில் நிக்கலும் தந்தமும் கருங்காலியும் பளிங்குக் கல்லும் உள்ளன. மிதிவண்டியைப் போல ஏறி அமர ஓர் இருக்கை. அக்காலம் மிதிவண்டி மோகம் பரவிய காலம்; வெல்சும் மிதிவண்டிப் பிரியர். புறப்பட ஒரு நெம்புகோல், நிறுத்த ஒரு நெம்புகோல். நான்கு எண்முகப்புகள்: ஒன்று நாள்களையும், ஒன்று ஆயிரம் நாள்களையும், ஒன்று பத்து இலட்சம் நாள்களையும், ஒன்று நூறு கோடி நாள்களையும் காட்டும். இடமதிப்பு கற்பிப்போர் இதை வகுப்பில் பயன்படுத்தலாம். எந்த விசையால் அது இயங்குகிறது என்பதை மட்டும் வெல்ஸ் சொல்வதில்லை. தந்தத்தையும் பளிங்கையும் அவ்வளவு துல்லியமாகச் சொன்னவர் விசையைப் பற்றி வாய் திறக்காததை நாம் கவனிப்பதே இல்லை.

இயந்திரம் காலத்தில் நகருமே தவிர இடத்தில் நகராது. வருங்காலத்தில் காலப் பயணி இறங்கிய புல்வெளியிலிருந்து அதைச் சிலர் இழுத்துச் சென்று ஒரு சிலையின் பீடத்துக்குள் அடைத்துவிடுகிறார்கள். ஆகவே, அவர் திரும்பி வந்தபோது ஆய்வுக்கூடத்தின் தென்கிழக்கு மூலையில் புறப்பட்ட இயந்திரம் வடமேற்குச் சுவரோரம் வந்து நிற்கிறது! அந்த இடப்பெயர்ச்சி, கதை உண்மை என்பதற்கு ஒரு மௌன சாட்சி. அங்கே இறங்கியதும் நெம்புகோல்களைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுக்கொள்ளும் முன்னெச்சரிக்கையும் அவரிடம் உண்டு.

அவர் சென்று இறங்கும் ஆண்டு 802701. அங்கே ஈலோய்கள் என்னும் சிறிய, அழகிய, குழந்தை போன்ற மக்கள் பழம் உண்டு, மலர் சூடி, எவ்வேலையும் செய்யாமல் வாழ்கிறார்கள். உழைப்பே தேவைப்படாத பொன்னுலகம் வந்துவிட்டது, அதனால் மனிதரின் அறிவும் உடலும் மென்மையாகிவிட்டன என்று முதலில் முடிவு செய்கிறார். பிறகு கிணறுகளின் வழியே ஏறி வரும் மோர்லாக்குகளைக் காண்கிறார். வெளிறிய உடல், இருளில் ஒளிரும் கண்கள். நிலத்துக்கடியில் இயந்திரங்களை இயக்கிக்கொண்டிருப்பவர்கள். தம் முதல் விளக்கம் தவறு என்று உணர்கிறார். மேலே வாழ்ந்த செல்வரின் வழிவந்தோர் ஈலோய்கள்; கீழே உழைத்தவரின் வழிவந்தோர் மோர்லாக்குகள் என்று திருத்திக்கொள்கிறார். அவ்விளக்கமும் போதவில்லை. இரவானால் ஈலோய்கள் ஏன் அஞ்சி நடுங்குகிறார்கள்? மோர்லாக்குகளுக்கு உணவு எது? விடை கிடைத்தபோது அவர் மட்டுமன்றிப் படிப்பவரும் நடுங்குகிறார். ஹக்ஸ்லியின் மாணவர் என்பது இங்கேதான் வெளிப்படுகிறது. சான்று மாறினால் முடிவையும் மாற்றுகிறார். பரிணாமம் என்றால் முன்னேற்றம் என்று பொருளில்லை என்னும் பாடத்தையும் கதையாக்கிவிடுகிறார்.

புரோம்லி வீட்டின் நிலத்தடிச் சமையலறையையும் அப்பார்க் மாளிகையின் சுரங்கப் பாதைகளையும் இப்போது நினைத்துப் பாருங்கள். எட்டு இலட்சம் ஆண்டு முன்னே சென்று அவர் கண்டது, தம் தாய் வேலை செய்த வீட்டைத்தான். துரையின் பங்களா மேட்டிலும் நம் பாட்டன்மாரின் லயன்கள் பள்ளத்திலும் இருந்த தோட்டப்புற வாழ்க்கையை அறிந்த எவருக்கும் இதை விளக்கிச் சொல்லத் தேவையில்லை. எனக்கு இக்கதையில் மிகவும் உறைக்கும் பகுதி வேறொன்று. பச்சைப் பீங்கான் மாளிகை என்னும் பாழடைந்த அருங்காட்சியகத்தில் காலப் பயணி ஒரு நூலகத்தைக் காண்கிறார். நூல்களின் அட்டைகள் கந்தலாய்த் தொங்குகின்றன. எழுத்து ஒன்றும் மிச்சமில்லை. அதைப் பற்றிக் கவலைப்படவும் அங்கே ஒருவரும் இல்லை.

நூல் வெளிவந்த உடனே வெல்ஸ் தம் பழைய ஆசிரியர் ஹக்ஸ்லிக்கு ஒரு படியை மடலோடு அனுப்பினார். ஹக்ஸ்லி அவ்வாண்டு ஜூன் 29ஆம் நாள் காலமானார்.

இக்கதை சென்ற வழியில் ஒரு வியப்பு உண்டு. இலண்டனில் கருவிகள் செய்து விற்றுவந்த ராபர்ட் பால் என்பவர் நூலைப் படித்துவிட்டு வெல்ஸைத் தொடர்புகொண்டார். 1895 அக்டோபரில் ஒரு காப்புரிமை விண்ணப்பம் பதிவாயிற்று. பார்வையாளர் அமர்ந்திருக்கும் மேடை அசைந்து குலுங்கும். இருளில் திரையில் படங்கள் தோன்றி மறையும். தாம் காலத்தில் பயணம் செய்வதாகவே அவர்கள் உணர்வார்கள் என்பது திட்டம். பாரிஸில் லூமியேர் சகோதரர்கள் கட்டணம் பெற்றுப் படம் காட்டியதே அவ்வாண்டு டிசம்பர் இறுதியில்தான்! பாலின் திட்டம் நிறைவேறவில்லை. ஆனால், அவர் பிரித்தானியத் திரைப்படத்துறையின் முன்னோடிகளுள் ஒருவரானார். 1896இல் லூமியேர்கள் ஒரு சுவர் இடிக்கப்படும் காட்சியைப் படமாக்கி, பின்னர் அதைத் தலைகீழாக ஓட்டிக் காட்டினார்கள். இடிந்த சுவர் தானே எழுந்து நின்றது. மக்கள் கண்ணால் கண்ட முதல் கால இயந்திரம் திரைப்படக் கருவிதான் என்பேன்.

அறிவியலும் பின்தொடர்ந்து வந்தது. 1905இல் ஐன்ஸ்டைன், விரைந்து செல்பவருக்குக் காலம் மெதுவாக ஓடும் என்றார். அவருக்குக் கணிதம் கற்பித்த மின்கோவ்ஸ்கி, 1908 செப்டம்பர் 21ஆம் நாள் கொலோன் நகரில் ஆற்றிய உரையில், இடத்தையும் காலத்தையும் நான்கு பரிமாணங்கள் கொண்ட ஒன்றாகக் காண வேண்டும் என்றார். அன்று வெல்ஸுக்கு நாற்பத்திரண்டாம் பிறந்தநாள் என்பது தற்செயலே. வெல்ஸ் இதை முன்னரே கண்டுபிடித்துவிட்டார் என்று சொல்லக் கூடாது. கதைக்கும் கணிதத்துக்கும் உள்ள தொலைவு பெரிது.

அதன்பின் வந்த காலக் கருவிகள் எண்ணற்றவை. 1985இல் ஹாலிவுட் படத்தில் அது ஒரு கார். 1999இல் வெளிவந்த ஹாரி பாட்டர் நூலில் கழுத்துச் சங்கிலியில் தொங்கும் சிறு மணற்கடிகாரம். தமிழில் 2015இல் ‘இன்று நேற்று நாளை’ படமும், 2016இல் கைக்கடிகாரத்தையே காலக் கருவியாக்கிய ‘24’ படமும் வந்தன. இவற்றுள் பலவும் இறந்த காலத்துக்குச் சென்று நடந்ததை மாற்றுவதைப் பற்றியவை. கருவி அழிப்பானாகிவிட்டது. நம் மாணவர்களும் பெரும்பாலும் அதற்கே அதைப் பயன்படுத்துகிறார்கள்: நேற்றைய தேர்வுக்கு மறுபடி செல்வார்கள், உடைந்த பூச்சாடியை ஒட்டுவார்கள், இறந்த பாட்டியைக் காப்பாற்றுவார்கள். பாட்டியைக் காப்பாற்ற எழுதும் பிள்ளையின் கட்டுரையை நான் சிவப்பு மையால் தொடுவதில்லை. ஆனால், வெல்ஸின் பயணி அந்நூலில் சென்று பார்த்தது எதிர்காலத்தை மட்டுமே. அவர் எதையும் திருத்தவில்லை. இன்று இப்படியே விட்டால் நாளை எங்கே போய் முடியும் என்று பார்த்துவிட்டு வந்து, விருந்தினரிடம் சொன்னார். அவர்களுள் நம்பியவர் மிகச் சிலர்.

வகுப்பில் இக்கதையைச் சொல்ல விரும்புவோர், ஐந்தாம், ஆறாம் ஆண்டு மாணவர்க்குச் சொல்லலாம். மோர்லாக்குகளின் உணவைப் பற்றிய பகுதியை மெல்லக் கடந்துவிடுங்கள். ஆற்றில் மூழ்கவிருந்த வீனா என்னும் ஈலோய்ப் பெண்ணைப் பயணி காப்பாற்றுவதையும், அவள் அவருடைய சட்டைப்பையில் இரண்டு வெள்ளை மலர்களைச் செருகிவிடுவதையும் விட்டுவிடாதீர்கள். காலை பத்து மணிக்குப் புறப்பட்டவர், எட்டு நாள் வாழ்ந்துவிட்டு, அதே நாள் இரவுணவுக்கு நொண்டியபடி வந்து சேர்கிறார். அவர் காட்டிய சான்று அந்த வாடிய மலர்கள்தாம். மருத்துவ நண்பர் அவற்றைப் புரட்டிப் பார்த்து எவ்வகை என்று சொல்ல இயலாமல் திகைக்கிறார். மறுநாள் பயணி ஒரு புகைப்படக் கருவியை எடுத்துக்கொண்டு மீண்டும் இயந்திரத்தில் ஏறுகிறார். அரை மணி நேரத்தில் வந்துவிடுவதாகச் சொன்னவரை, கதை சொல்லும் நண்பர் மூன்று ஆண்டுகளாகக் காத்திருக்கிறார். அங்கே கதையை நிறுத்திவிடுங்கள். ‘ஆசிரியர், அவர் எங்கே போனார்?’ என்று ஒரு பிள்ளையேனும் கேட்கும். வெல்ஸும் அதைச் சொல்லவில்லை.